நிலவறையிலிருந்து எழுந்த கறுப்பு உடை: ழூலியெத் கிரெக்கோவும் போருக்குப் பிந்தைய பாரிஸ் காபரேயும்

தமிழில் 'காபரே' என்ற சொல் திரைப்படங்களின் வழியாக வந்து சேர்ந்தது. ஆகவே அதைக் கேட்டதும், வில்லன் கையில் மதுக்கோப்பையோடு சாய்ந்து உட்கார்ந்திருக்க, சிவப்பு வெளிச்சத்தில் ஒருத்தி சுழன்றாடும் கிளப் காட்சிதான் நம்மில் பலருக்கு நினைவுக்கு வருகிறது. பாரிஸிலும் அந்த வகைக் காபரேக்கு நெடிய மரபு உண்டு; சேன் ஆற்றின் வலது கரையில், மோன்மார்த்ர் குன்றின் அடிவாரத்தில், இறகுத் தலையணிகளும் வரிசை நடனங்களுமாக அது இன்றுவரை சுற்றுலாப் பயணிகளை ஈர்த்துக்கொண்டிருக்கிறது. ஆனால் இரண்டாம் உலகப் போர் முடிந்தபின், ஆற்றின் இடது கரையில் அதே சொல் வேறொன்றைக் குறிக்கத் தொடங்கியது: நெருக்கியடித்து உட்கார்ந்தாலும் அதிகம் பேரைத் தாங்காத ஒரு கூடம் அல்லது நிலவறை, ஓரத்தில் ஒரு பியானோ, மேடை என்று மரியாதைக்குச் சொல்லத்தக்க ஒரு சிறு பலகைத்தளம், அதன்மேல் நின்று கவிதை பாடும் ஒருவர்.

பிரெஞ்சுப் பாடகி ழூலியெத் கிரெக்கோவின் தொழில்வாழ்வு இந்த இரண்டாவது வகைக் காபரேயில் பிறந்தது. 2020 செப்டம்பரில் தமது 93ஆம் வயதில் அவர் மறைந்தபோது வெளிவந்த அஞ்சலிகளில் பெரும்பாலானவை அவரை 'இருத்தலியத்தின் தேவதை' என்ற பழைய பட்டத்தோடுதான் வழியனுப்பின (மனிதன் தன் தேர்வுகளால் தன்னைத் தானே ஆக்கிக்கொள்கிறான் என்னும் தத்துவம் இருத்தலியம்). அந்தப் பட்டம் எதையும் விளக்குவதில்லை என்பதே என் குறை. தத்துவம் படிக்காத, இசைப்பள்ளிக்குப் போகாத, 22 வயது வரை மேடையில் ஒரு பாட்டும் பாடியிராத ஒரு பெண் எப்படிச் சில ஆண்டுகளுக்குள் பிரெஞ்சுப் பாடலின் போக்கையே மாற்றியவர்களுள் ஒருவராக ஆனார் என்ற கேள்விக்கு, அவருடைய அழகையும் குரலையும் நண்பர்களின் புகழையும் விட, அவர் பாடிய அறைகளின் அளவு கூடுதலாக விடை சொல்வதாக எனக்குப் படுகிறது.

கிரெக்கோ 1927 பிப்ரவரி 7 அன்று தெற்கு பிரான்சின் மோன்பெலியே நகரில் பிறந்தவர். தந்தை கோர்சிகாத் தீவைச் சேர்ந்தவர். குழந்தைகளின் வாழ்க்கையில் அவர் இருந்ததாகவே சொல்ல முடியாது. ழூலியெத்தும் அக்கா ஷார்லோத்தும் போர்தோ நகரில் தாய்வழித் தாத்தா பாட்டியிடம் வளர்ந்து, பின்னர் தாயுடன் பாரிஸ் வந்தார்கள். அங்கே ஓபரா நிறுவனத்தின் பாலே பள்ளியில் சிறிது காலம் ழூலியெத் நடனம் பயின்றார். அந்தப் பயிற்சியைப் போர் பாதியில் நிறுத்திவிட்டாலும், பிற்காலத்தில் மேடையில் அசையாமல் நின்றபடி கைகளால் மட்டுமே அவர் பேசியதைப் பார்த்தவர்களுக்கு அது வீண்போகவில்லை என்பது தெரிந்திருக்கும்.

தாய் ஜெர்மானிய ஆக்கிரமிப்பை எதிர்த்த இரகசிய இயக்கத்தில் இருந்தார். 1943இல் அவரும் இரு மகள்களும் கைதானார்கள். தாயும் ஷார்லோத்தும் ராவென்ஸ்ப்ரூக் வதைமுகாமுக்கு அனுப்பப்பட, 16 வயதேயான ழூலியெத் பாரிஸுக்கு வெளியே உள்ள ஃப்ரேன் சிறையில் அடைக்கப்பட்டு, வயதைக் காரணமாகக் கொண்டு பின்னர் விடுவிக்கப்பட்டார். கைதானபோது உடுத்தியிருந்த மெல்லிய உடையோடு, குளிரில், கையில் காசில்லாமல் நகரத்துக்கு நடந்தே திரும்பிய அவர், தமக்கு முன்பு பிரெஞ்சு மொழி கற்பித்தவரும் நடிகையுமான எலேன் துய்க்கின் வீட்டுக் கதவைத் தட்டினார். அந்த வீடு இடது கரையின் சேன்-ழெர்மேன்-தெ-ப்ரே பகுதிக்கு நடந்துபோகும் தூரத்தில் இருந்தது. 1945இல் முகாம்களிலிருந்து உயிரோடு மீண்டவர்களை வரவேற்கும் இடமாக மாறியிருந்த லுதெசியா ஓட்டலில், எலும்பும் தோலுமாகத் திரும்பி வந்தவர்களிடையே அவர் தம் தாயையும் அக்காவையும் கண்டெடுத்தார். தாய் விரைவிலேயே கடற்படையின் பெண்கள் பிரிவில் சேர்ந்து இந்தோசீனாவுக்குப் போய்விட, மகள் மீண்டும் தனியானார்.

இந்தப் பின்னணி இல்லாமல் அவருடைய புகழ்பெற்ற தோற்றத்தைப் புரிந்துகொள்ள முடியாது. போர் முடிந்தும் பிரான்சில் பங்கீட்டு முறை 1949 வரை நீடித்தது. துணி கிடைப்பது அரிது, நிலக்கரி அதைவிட அரிது. கிரெக்கோ நண்பர்களாகிய இளைஞர்கள் கொடுத்த சட்டைகளையும் கால்சட்டைகளையும் நீளமான கைப்பகுதிகளையும் கால்பகுதிகளையும் மடித்துவிட்டு அணிந்துகொண்டார். வெட்டாமல் வளரவிட்ட நீண்ட கூந்தல், நெற்றியை மறைத்த முன்முடி, கழுத்துவரை மூடிய கறுப்புக் கம்பளிச் சட்டை என்று இரண்டு மூன்று ஆண்டுகளில் உலகமெங்கும் பெண்கள் பார்த்து உடுத்திய அந்த 'பாணி', மாற்றுடை இல்லாதவளின் உடை. அதே போலத்தான் கஃபே வாழ்க்கையும். சேன்-ழெர்மேனின் மலிவான ஓட்டல் அறைகளில் கணப்பு இல்லை. கஃபே ஃப்ளோரில் அடுப்பு இருந்தது. இருத்தலியத் தத்துவவாதிகளான சார்த்ரும் சிமொன் தெ பொவ்வாரும் ஆக்கிரமிப்புக் காலத்திலேயே அங்கே உட்கார்ந்து எழுதப் பழகியிருந்தார்கள். எழுத்தாளர்கள் வெதுவெதுப்பைத் தேடி வந்தார்கள். எழுத்தாளர்களைத் தேடி இளைஞர்கள் வந்தார்கள்.

கஃபேக்கள் இரவில் கதவடைத்துவிடும். அதற்குப் பிறகு எங்கே போவது என்ற மிக எளிய பிரச்சினையிலிருந்துதான் நிலவறைக் காலம் பிறந்தது. தொஃபீன் தெரு 33ஆம் எண்ணில் 'தாபு' என்றொரு மதுக்கடை இருந்தது. அருகிலிருந்த பத்திரிகை விநியோக நிலையத்தின் இரவுத் தொழிலாளர்கள் குடிக்க வருவார்கள் என்பதால் அது விடிய விடியத் திறந்திருக்கும். அதன் அடியில் வில்வளைவுக் கூரையோடு ஒரு செங்கல் நிலவறை சும்மா கிடந்தது. படிக்கட்டுக் கைப்பிடியில் போட்டிருந்த கிரெக்கோவின் கோட்டு நழுவிக் கீழே விழ, அதை எடுக்கப் போன இடத்தில்தான் அந்த அறையைக் கண்டார்கள் என்று ஒரு கதை வழங்குகிறது. கதை அழகாக இருப்பதாலேயே எனக்கு அதன்மேல் சற்றுச் சந்தேகம். எப்படியோ, 1947 ஏப்ரலில் அந்த நிலவறை கிளப்பாகத் திறந்தது. பொறியாளரும் நாவலாசிரியருமான போரிஸ் வியான் தம் சகோதரர்களோடு அங்கே ஜாஸ் வாசித்தார், ட்ரம்பெட் அவருடையது. கவிஞர் ஆன்-மரி கசாலிஸ், நடிகர் மார்க் தொல்னிட்ஸ், கிரெக்கோ ஆகிய மூவரும் அந்த இடத்தின் முகங்களானார்கள். கிரெக்கோ அங்கே பாடவில்லை. அவர் வேலை இருப்பது, பார்க்கப்படுவது, யாரை உள்ளே விடலாம் என்று முடிவு செய்வது.

அடுத்த மாதமே, மே 3 அன்று, 'சமெதி-சுவார்' என்ற பரபரப்பு வார இதழ் 'சேன்-ழெர்மேன் குகைவாசிகள்' எப்படி வாழ்கிறார்கள் என்று ஒரு நீண்ட செய்தியை வெளியிட்டது. அதன் படத்தில் இருப்பவர்கள் கிரெக்கோவும், அப்போது யாருக்கும் தெரியாத ரொழே வதீமும். பின்னாளில் திரைப்பட இயக்குநராகப் பெயர் பெற்ற அதே வதீம்தான். இரவெல்லாம் நடனமாடும் இந்த இளைஞர்களுக்கு அந்தச் செய்தி 'இருத்தலியர்கள்' என்று பெயர் சூட்டியது. அவர்களில் மிகப் பெரும்பாலோர் சார்த்ரின் தடித்த தத்துவ நூலைப் புரட்டிக்கூடப் பார்த்தவர்கள் அல்ல. ஆனால் பெயர் ஒட்டிக்கொண்டது, கூட்டம் குவிந்தது, தூக்கம் கெட்ட தெருவாசிகள் புகார் செய்தார்கள், நேரக் கட்டுப்பாடு வந்தது, ஓராண்டு கழிந்த அளவில் ஆரம்பகால நண்பர்கள் வேறு நிலவறைக்கு இடம் மாறினார்கள். இதில் கவனிக்க வேண்டியது, கிரெக்கோ எதையும் செய்வதற்கு முன்பே புகழ்பெற்றுவிட்டார் என்பது. செய்தித்தாள்களில் முகம் இருந்தது; அந்த முகத்துக்குத் தொழில் இல்லை. நாடகங்களில் கிடைத்த சிறு வேடங்கள் சாப்பாட்டுக்குப் போதவில்லை.

தொழில் 1949இல் வந்தது. 1920களில் கவிஞர் கோக்தோவும் அவர் நண்பர்களும் கூடிய, 'கூரைமேல் காளை' என்று பொருள்படும் பெயர்கொண்ட பழைய காபரே ஒன்று ஓய்ந்துபோயிருந்தது. அதற்கு உயிரூட்டும் பொறுப்பை ஏற்ற தொல்னிட்ஸ், கிரெக்கோவைப் பாடச் சொன்னார். நாட்டில் வழங்கும் பாட்டு எதுவும் தமக்குப் பிடிப்பதில்லை என்று அவர் மறுக்க, ஓர் இரவு உணவுக்குப் பிறகு சார்த்ர் அவரை மறுநாள் காலை தம் வீட்டுக்கு வரச் சொன்னார். போனபோது, பக்கங்கள் குறிக்கப்பட்ட கவிதை நூல்களின் அடுக்கு காத்திருந்தது. கிரெக்கோ கவிஞர் ரெமோன் கெனோவின் ஒரு கவிதையைத் தேர்ந்தெடுத்தார். சார்த்ர், தாம் ஒரு நாடகத்துக்காக எழுதிப் பயன்படாமல் இருந்த பாடலொன்றையும் கொடுத்து, இசையமைப்பாளர் ஜோசெஃப் கோஸ்மாவிடம் அனுப்பினார். மூடிய அறையில் மூவர் நரகத்தில் சிக்கிக்கொள்ளும் அந்த நாடகம் தமிழிலும் வந்திருக்கிறது.

கோஸ்மாவைப் பற்றி இரண்டு வரியாவது சொல்லாமல் நகர முடியாது. ஹங்கேரி யூதரான அவர் 1933இல் பாரிஸில் தஞ்சம் புகுந்தவர். ஆக்கிரமிப்புக் காலத்தில் தொழில் செய்யத் தடை, ஒளிந்து வாழ்க்கை. தமிழ் வாசகர்களுக்கும் மொழிபெயர்ப்பில் அறிமுகமான ழாக் ப்ரெவெரின் கவிதைகளுக்கு மெட்டமைத்தவர் அவரே. மெட்டு முதலில், சொல் பிறகு என்ற திரைப்பட நடைமுறைக்கு நேரெதிராக, அச்சில் வந்துவிட்ட கவிதையின் ஓர் அசையைக்கூட மாற்றாமல் அதன் பேச்சு ஓட்டத்திலிருந்தே மெட்டை வடிப்பது அவர் முறை. பாடத் தெரியாத, ஆனால் பேசத் தெரிந்த ஒரு குரலுக்கு இதைவிடப் பொருத்தமான இசையமைப்பாளர் கிடைத்திருக்க முடியாது.

1949 ஜூன் மாத அறிமுக நிகழ்ச்சியின் பாடல்களைச் சற்று அருகிலிருந்து பார்க்கலாம். கெனோவின் கவிதை, இளமையும் காதலும் என்றென்றைக்கும் நீடிக்கும் என்று நினைக்கிறாயா, சிறுமியே, நன்றாக ஏமாந்து போவாய் என்கிறது. இளமை நிலையாமை நமக்குப் பழகிய பாடுபொருள். பிரெஞ்சுக் கவிதைக்கும் அது 16ஆம் நூற்றாண்டிலிருந்தே பழக்கம். புதுமை கெனோ அதை எழுதிய விதத்தில் இருக்கிறது. தெருவில் வேகமாகப் பேசும்போது சொற்கள் ஒன்றோடொன்று மோதி நசுங்குவதை, இலக்கணத்தைப் பொருட்படுத்தாமல், காதில் விழுந்தபடியே 'க்ஸா வா க்ஸா வா க்ஸா' என்று எழுத்தில் கொண்டுவந்துவிட்டார். ஆடவர் பெண்ணை நோக்கிச் சொல்லிவந்த இந்தப் பழைய எச்சரிக்கையை, 22 வயதுப் பெண்ணொருத்தி, தாழ்ந்த, சற்றுக் கரகரத்த குரலில், தனக்கே சொல்லிக்கொள்வதுபோலப் பாடும்போது பொருள் திரும்பிவிடுகிறது, மிரட்டல் நையாண்டியாகிறது.

இன்னொரு பாடல் ரொபேர் தெஸ்னோஸின் எறும்புக் கவிதை. தலையில் தொப்பி வைத்த 18 மீட்டர் நீள எறும்பு, அப்படி ஒன்று கிடையாது, கிடையாது, ஏன் இருக்கக்கூடாது என்று போகும் குழந்தைப் பாட்டு. தெஸ்னோஸ் எதிர்ப்பு இயக்கத்தில் இருந்ததற்காக நாடுகடத்தப்பட்டு, 1945 ஜூனில், விடுதலைக்குப் பின்னரும் டைபஸ் காய்ச்சலிலிருந்து மீளாமல் தெரேசின் முகாமில் இறந்தவர். சார்த்ரின் பாடலோ, ஒரு பாரிஸ் தெருவில் எழுப்பிய கொலைமேடைக்கு, தலைகளை வெட்ட அதிகாலையில் எழுந்து வேலைக்கு வரும் மரண தண்டனைப் பணியாளனைப் பற்றியது. பாடியவரின் தாயும் அக்காவும் ராவென்ஸ்ப்ரூக்கிலிருந்து திரும்பி நான்கு ஆண்டுகள்தான் ஆகியிருந்தன. அந்த அறையில் இருந்தவர்களுக்கு இதில் எதையும் விளக்கிச் சொல்ல வேண்டியிருந்திருக்காது. சோகத்தை உரக்கச் சொல்லாமல், குழந்தைப் பாட்டிலும் கறுப்பு நகைச்சுவையிலும் அடக்கிச் சொல்லும் இந்த முறையே கிரெக்கோவின் பாணியாக நிலைத்தது.

ஒரு வேடிக்கை: இடது கரையின் அடையாளமாக இன்று சொல்லப்படும் இந்த அறிமுகம் நடந்த 'கூரைமேல் காளை' வலது கரையில், ஷான்ஸ்-எலிஸேவுக்கு அருகில் இருக்கிறது. ஏழை நிலவறையின் புகழைப் பணக்கார வட்டாரம் வரவழைத்துப் பார்த்தது என்றும் சொல்லலாம்.

பிறகு அவர் உரிய கரைக்குத் திரும்பினார். ரேன் தெருவில் நிக்கோ பாபதாகிஸ் நடத்திய 'ரோஸ் ரூழ்', அதாவது சிவப்பு ரோஜா, காபரே இந்தக் கலையின் பட்டறை. ஒரே இரவில் அங்கே குறுநாடகமும் நகைச்சுவைத் துணுக்கும் பாட்டும் மாறி மாறி வரும். கறுப்பு இறுக்க உடையும் வெள்ளைக் கையுறையும் அணிந்த 'ஃப்ரேர் ழாக்' நால்வர் குழு அங்கேதான் பெயர் பெற்றது. பிற இடது கரைக் காபரேக்களும் இதே அச்சுதான். திரை கிடையாது, ஒப்பனை அறை பெயருக்குத்தான், இசைக்குழுவுக்கு இடமே இல்லை. தரும் தொகை சொற்பம் என்பதால் பாடகர்கள் ஓரிடத்தில் நான்கு பாட்டுப் பாடிவிட்டு அடுத்த இடத்துக்கு ஓடுவார்கள்.

இந்தக் குறைகள் ஒவ்வொன்றும் கலையின் விதியாக மாறின. முன்வரிசை மேசை மேடையிலிருந்து கை எட்டும் தூரத்தில் இருக்கும்போது ஓங்கிப் பாடத் தேவையில்லை. முணுமுணுத்தால் போதும், ஆனால் ஒரு மெய்யெழுத்து நழுவினாலும் தெரிந்துவிடும். நடமாட இடம் இல்லாததால் உடல் நிற்க வேண்டும். உடல் நின்றால் அசையக்கூடியவை முகமும் கைகளும். பின்திரை இருட்டு, உடை கறுப்பு, ஆகவே வெளிச்சத்தில் தெரிவது ஒரு வெளுத்த முகமும் இரண்டு வெளுத்த கைகளும் மட்டுமே. கிரெக்கோ அந்தக் கைகளை வைத்து ஒரு சொல்லைத் தள்ளுவார், ஒரு சொல்லைப் பொத்திப் பிடிப்பார், அடுத்த வரி வரும்வரை காற்றில் தொங்கவிடுவார். ஒவ்வொரு முறையும் மேடை ஏறுமுன் கடும் நடுக்கத்தால் அவதிப்பட்டவர் அவர் என்பதையும் இதனோடு சேர்த்துப் பார்க்க வேண்டும். அசையாமல் நின்றதில் கலையும் இருந்தது, பயமும் இருந்தது.

1949 மே மாதத்தில் பாரிஸ் ஜாஸ் விழாவுக்கு வந்த அமெரிக்க ட்ரம்பெட் கலைஞர் மைல்ஸ் டேவிஸுக்கும் கிரெக்கோவுக்கும் இடையே மலர்ந்த காதலைப் பற்றி ஏராளமாக எழுதப்பட்டுவிட்டது. கறுப்பினத்தவர் ஒருவர் வெள்ளைப் பெண்ணோடு அமெரிக்காவில் வாழ்ந்தால் அவளுக்கு என்ன நேரும் என்பதை அறிந்தே டேவிஸ் திருமணத்தைத் தவிர்த்தார். பின்னாளில் நியூயார்க்கின் பெரிய ஓட்டல் ஒன்றில் இருவரும் உணவருந்தச் சென்றபோது பணியாளர்கள் காட்டிய வெறுப்பு, டேவிஸ் அஞ்சியது சரி என்பதைக் கிரெக்கோவுக்கு உணர்த்தியது. தொழில்வாழ்வைப் பொறுத்தவரை இதற்கு மேல் இந்தக் காதலுக்கு இடமில்லை.

1951இல் ஞாயிற்றுக்கிழமைகளை வெறுப்பதாகச் சொல்லும் ஒரு பாடல் அவரைக் காபரேச் சுவர்களுக்கு வெளியே கொண்டுபோனது. அதன் வரிகளை எழுதியவர் ஷார்ல் அஸ்னவூர், இசை ஃப்ளோரான்ஸ் வெரான். முதலில் அன்றைய பெரும் பாடகி எதித் பியாஃபிடம் கொண்டுபோகப்பட்டு, அவர் வேண்டாமென்று தள்ளியது அது. கிரெக்கோ எடுத்துப் பாடி, தோவில் நகரில் நடந்த பாடல் போட்டியில் பரிசு வாங்கியதும் பியாஃபுக்குக் கோபம் வந்தது. பிறகு தாமும் அதைப் பதிவு செய்தார். இரண்டையும் அடுத்தடுத்துக் கேட்டால் இரு உலகங்கள் தெரியும். பியாஃப் தெருவிலும் பெரிய அரங்குகளிலும் வளர்ந்த குரல். கடைசி வரிசைவரை வெறுப்பைக் கொண்டுசேர்க்கிறார். கிரெக்கோ அதே வெறுப்பை உங்களிடம் மட்டும் தனியாகச் சொல்கிறார்.

1954 பிப்ரவரியில் புரூனோ கொக்காத்ரிஸ் பாரிஸின் பெரிய இசையரங்கான ஒலிம்பியாவை மீண்டும் திறந்தார். அதே ஆண்டு கிரெக்கோ அங்கே பாடினார். காபரேயிலிருந்து வந்தவர்கள் பலர் பெரிய அரங்கில் தொலைந்துபோனார்கள். கிரெக்கோ அரங்குக்கேற்பத் தம்மைப் பெரிதாக்கிக்கொள்ளாமல், அதே கறுப்பு உடை, அதே அசைவின்மை, அதே கைகளோடு நின்றார். மைக்கும் ஒற்றை வெளிச்சமும் முன்வரிசை மேசையைக் கடைசி வரிசைவரை நீட்டித்தன. ப்ரஸ்ஸல்ஸிலிருந்து அப்போதுதான் பாரிஸ் வந்து, தோற்றத்துக்காகவும் உச்சரிப்புக்காகவும் கேலிக்கு ஆளாகிக்கொண்டிருந்த ழாக் ப்ரெலின் பாடல் ஒன்றை அவர் அந்த மேடையில் பாடினார். ப்ரெல் பெல்ஜியர், கோஸ்மா ஹங்கேரியர், அஸ்னவூர் ஆர்மீனிய அகதிகளின் மகன், பாபதாகிஸ் எத்தியோப்பியாவில் பிறந்த கிரேக்கர்; 'பிரெஞ்சுத்தன்மை' என்று உலகம் கொண்டாடிய பாடல்மரபைக் கட்டியவர்களில் இத்தனை பேர் வெளியிலிருந்து வந்தவர்கள் என்பது தற்செயல் அல்ல. இடைப்பட்ட ஆண்டுகளில் கோக்தோ, மெல்வில் ஆகியோர் இயக்கிய படங்களும், 1950களின் பிற்பாதியில் தயாரிப்பாளர் டேரில் ஸானக் வழியாக ஹாலிவுட் படங்களும் வந்தன. கிரெக்கோ அவற்றில் நடித்தார், அவ்வளவே.

1960களில் தொலைக்காட்சியும், மலிவான இசைத்தட்டும், பதின்வயதினரைக் குறிவைத்த ராக் பாட்டும் சிறு காபரேயின் அடித்தளத்தை அரித்தன. சேன் கரையோரத்து 'லெக்ளூஸ்' போன்ற சில இடங்கள் தாக்குப்பிடித்தன; பாடகி பார்பரா அங்கே பாடிப் பெயர் பெற்று, 1964இல் பெரிய அரங்குக்குப் போனார். கிரெக்கோவின் வீட்டிலோ அந்த நிலவறைப் பழக்கம் வேறு வடிவில் தொடர்ந்தது. 1962 கோடையில் ஒரு மாலை, வெர்னேய் தெருவில் இருந்த அவர் வீட்டுக்குக் கூச்ச சுபாவமுள்ள ஓர் இளம் பாடலாசிரியர் வந்தார். பெயர் செர்ழ் கேன்ஸ்பூர். இருவரும் இசைத்தட்டுகளைக் கேட்டபடி ஷாம்பேன் குடித்துப் பொழுதைக் கழித்தார்கள். பதின்மூன்று ஆண்டுகளுக்கு முன் பாடுவதற்கு வரி வேண்டிச் சார்த்ர் வீட்டுப் புத்தக அடுக்கைப் புரட்டியவருக்கு, மறுநாள் காலை 'ஜவானேஸ்' பாடல் வீடு தேடி வந்தது.